விளக்கு வைத்த பிறகு ஊசி

சபாபதிக்குக் கடலூர் திருப்பாதிரிப்புலியூரில் மளிகைக் கடை. ஊருக்குள் வெள்ளம் புகுந்தபோதுகூட முழங்கால் தண்ணீரில் நின்று மெழுகுவர்த்தி விற்ற மனுஷன். சாமி கும்பிடுவார், சாஸ்திரம் மட்டும் பார்க்க மாட்டார். விளக்கு வைத்த பிறகு ஊசி கொடுத்தால் லட்சுமி வெளியே போய்விடுவாள் என்று மற்றக் கடைக்காரர்கள் கையை விரிப்பார்கள். இவர் எடுத்துக் கொடுப்பார். "பொத்தான் அறுந்தவன் விடியற வரைக்கும் என்ன பண்ணுவான்?" என்பார்.

மனைவி தமிழ்ச்செல்விக்கும் ஒரு கடை இருந்தது, செல்போனுக்குள். 'ஏழு துறை' என்று ஒரு விளையாட்டு, ஏழு துறைமுகங்களில் வியாபாரம். அந்த உலகத்தில் சூரியனே கிடையாது. அதனால் வியாபாரிகள் நேரத்தைத் தாங்களே உண்டாக்கிக்கொள்ள வேண்டும். ஒரு துறையில் ஓட்டைக் கிண்ணத்தைத் தண்ணீரில் மிதக்கவிட்டு, அது முழுகுவதற்குள் பேரத்தை முடிப்பார்கள். இன்னொன்றில் ஊதுவத்தி எரிந்து தீரும்வரைதான் சொன்ன விலை நிற்கும். தமிழ்ச்செல்வி கடை போட்டிருந்தது விளக்குத் துறையில். வாசலில் விளக்கு எரிகிறவரை கடை உன்னுடையது. ஒவ்வொரு விற்பனைக்கும் விளக்கில் ஒரு சொட்டு எண்ணெய் ஏறும். அணைந்துவிட்டால் கடையும் பெயர்ப்பலகையும் போச்சு, வேறு ஆள் வந்து உட்கார்ந்துகொள்வான்.

அங்கே அவள் ஆகாயப் படகுகளுக்குப் பாய் தைக்கிற ஊசி விற்றாள். எங்கெங்கோ இருந்து விளையாடுகிறவர்கள் அவளை 'ஊசிக்கார அம்மா' என்று கூப்பிட்டார்கள். மளிகைக் கடையிலும் பாதி நாள் அவள்தான் நின்றாள். ஆனால் பலகையில் இருந்தது சபாபதி பெயர். மாற்றுவோமா என்று அவர் ஒருமுறை கேட்டதற்கு, "உங்க பேரே இருக்கட்டும்" என்று மெதுவாகச் சொல்லிவிட்டு உள்ளே போய்விட்டாள்.

இப்போது அவளுக்கு விழித்திரை விலகி, ஒரு கண்ணில் ஆபரேஷன். சிதம்பரத்தில் மகள் காயத்ரி வீட்டில் கவிழ்ந்தே படுத்திருக்க வேண்டும். பார்வை திரும்புமா என்பதைப் போகப் போகத்தான் சொல்ல முடியும் என்றார் டாக்டர். செல்போனைத் தொடவே கூடாது. "விளக்க மட்டும் அணையாம பாத்துக்குங்க" என்று போனைக் கணவர் கையில் கொடுத்து அனுப்பினாள்.

அவரும் பார்த்துக்கொண்டுதான் இருந்தார். பார்க்கப் பார்க்க எண்ணெய் இறங்கியது. ஒரு மத்தியானம் கடையைச் சாத்திவிட்டுச் சிதம்பரம் பஸ் ஏறிவிட்டார்.

தமிழ்ச்செல்வி முகம் கட்டில் ஓரத்தில் தரையைப் பார்த்துக் கிடந்தது. முகம் பார்த்துப் பேச வேண்டுமென்றால் கீழே மல்லாந்து படுத்தால்தான் உண்டு. படுத்தார்.

"செல்வி, எண்ணெ தீந்துபோச்சு. அடியில கொஞ்சம்தான் நிக்குது."

"ஏன், ஆளு வரலியா?"

"நெறைய பேரு வந்தாங்க. நான்தான் காலையில வாங்கன்னு அனுப்பிட்டேன்."

"அங்க ஏதுங்க காலையில? சூரியனே கெடையாதே!"

"விளக்கு எரியறப்போ ஊசிய எப்பிடிக் குடுக்கறது?"

அவளுக்குச் சிரிப்பு பொத்துக்கொண்டு வந்தது.

"சிரிக்காத, கண்ணு அலுங்கிடும்."

"நம்ம கடையில குடுக்கலியா? ஊரே வேணாம்னப்போ குடுத்தீங்களே."

"அப்போ உன் கண்ணு நல்லா இருந்துச்சு."

சிரிப்பு நின்றுவிட்டது. எதற்கும் அசையாத மனுஷன் பயந்து போயிருக்கிறார் என்பது அவளுக்கு அப்போதுதான் புரிந்தது.

"விடுங்க. அணைஞ்சா அணையட்டும். உங்க மனசு கஷ்டப்பட்டு எனக்கு ஒரு கடை வேணாம்" என்றாள், மெதுவாக.

அந்த மெதுவான குரல் அவருக்குத் தெரியும். பலகையில் உங்கள் பெயரே இருக்கட்டும் என்று சொன்ன அதே குரல். அன்றைக்கு அதை நம்பி விட்டுவிட்டார்.

போன் மணியடித்தது. விளக்குத் துறையில் யாரோ ஊசி கேட்டு வாசலில் நிற்கிறார்கள். விளக்கு திரி நுனியில் துடித்துக்கொண்டிருந்தது. சபாபதி கண்ணை மூடிக்கொண்டார்.

"லட்சுமித் தாயே, குடுக்கறது நான். கேக்கறதா இருந்தா என்னைக் கேளு. இவ கண்ண விட்டுடு" என்று வாய்விட்டுச் சொல்லிவிட்டு, போனில் 'கொடு' என்ற இடத்தை அழுத்தினார்.

"ஏறுச்சா?"

"ஏறுச்சு. எரியுது."

மேலிருந்து ஒரு சொட்டு அவர் நெற்றியில் விழுந்தது. கட்டுப் போடாத கண்ணிலிருந்து வந்தது. அலறியடித்துக்கொண்டு எழப்போனவர் கட்டில் சட்டத்தில் தலையை இடித்துக்கொண்டார்.

"ஐயோ, அழாத செல்வி! கண்ணுக்கு ஆவாது!"

"நீங்க பாட்டுக்கு அடியில வந்து படுத்துக்கிட்டு இப்பிடியெல்லாம் பேசினா, நான் என்னங்க பண்ணுவேன்?" என்றாள் அவள்.