இறைப்பு எண்ணெயில் ஓடிய பாரதம்

தொண்ணூறுகளின் நடுவில், மின்சாரம் இல்லாத முள்ளியவளையில் பாரதப் போரை நாங்கள் மண்ணெண்ணெயில்தான் நடத்தினோம். இந்தியாவில் எடுத்த தொடர், தமிழ்க் குரலோடு வீடியோ கசெற்றாக எப்படியோ வந்து சேரும். அரிசி மில் முதலாளியிடம் ரிவி, கசெற் போடும் டெக், ஜெனரேற்றர் மூன்றும் இருந்தன. படம் பார்ப்பவர்கள்தான் எண்ணெய் கொண்டுபோக வேண்டும். எரிபொருள் வராமல் அரசாங்கம் தடை போட்டிருந்த அந்தப் போர்க்காலத்தில் தங்கச் சங்கிலியைக்கூட இரவல் கேட்கலாம், மண்ணெண்ணெய் கேட்க முடியாது.

அந்த வருடம் மழை ஏமாற்றியது. இடம்பெயர்ந்து வந்து குத்தகைக்கு எடுத்திருந்த எங்கள் மிளகாய்த் தோட்டம் காய்பிடிக்கத் தொடங்கியிருந்தது. கிணற்றில் தண்ணீர் கிடந்தது. இறைப்பு மிசினுக்கு வேண்டிய எண்ணெயை அம்மா சிறுகச் சிறுகச் சேர்த்து, ஒரு கானில் ஊற்றி, குசினி மூலையில் சாக்கால் மூடி வைத்திருந்தார். அந்த வருடச் சீவியமே அந்தக் கானுக்குள்தான் இருந்தது.

மழை இல்லாவிட்டால் கோயிலில் விராட பருவம் படிப்பார்கள். படித்து முடிய மழை வரும் என்று நம்பிக்கை. ஆனால் படிக்கிறவர் இடம்பெயர்ந்து போய்விட்டார். அப்பாவுக்கு ஒரு யோசனை வந்தது. அவருக்கு யோசனை வந்தால் வீட்டில் ஏதாவது ஒன்று குறையும்.

"கசெற்றிலை விராட பருவம் கிடக்கு. அதைப் போட்டாலும் படிச்ச மாதிரித்தானே?" என்றார்.

"அப்ப என்ரை மிளகாய்க்கு இறைப்பு?" என்று கேட்டார் அம்மா.

"மழை வரேக்கை இறைப்பு என்னத்துக்கு?"

கான் மில் கொட்டிலுக்குப் போய்விட்டது.

மாலையில் செருப்பைக் கழற்றிவிட்டு எல்லோரும் பாயில் இருந்தோம். யாரோ பெட்டிக்கு முன்னால் கற்பூரம் கொளுத்தினார்கள். திரையில் ராசா, "என்ன?" என்றார். உடனே இடி முழங்க, சபையில் இருந்த ஒவ்வொரு முகத்தையும் காட்டினார்கள். மந்திரி முகம், விசிறி பிடிக்கிறவன் முகம், மறுபடியும் ராசா முகம். அவருடைய மீசை ஒரு பக்கம் கழன்றிருந்தது. வருடக்கணக்காகக் காட்டில் அலைந்துவிட்டு வந்தவர்களுக்குக் கன்னத்தில் ரோஸ் பவுடர். ஓலைக் கொட்டிலில் அகதியாகக் கிடந்த எங்களுக்கு, அந்த வனவாசம் எவ்வளவோ மேல் என்று பட்டது.

ஒருவழியாக மாடு மீட்கும் சண்டை தொடங்கியது. ஒரு அம்பு கிளம்பியது. எதிரியின் அம்பும் கிளம்பியது. இரண்டும் ஆகாயத்தில் ஒன்றையொன்று பார்த்துக்கொண்டு நின்றன. மறுபடியும் எல்லா முகமும், எல்லா இடியும். எங்கள் இறைப்பு அங்கேதான் எரிந்துகொண்டிருந்தது. அம்புகள் முட்டுவதற்கு முன்னமே ஜெனரேற்றர் திணறி நின்றது. பெட்டி இருண்டது.

மழை வரவில்லை. அப்பாவும் விடவில்லை. "குறையிலை நிண்டிட்டுது. முழுக்கப் போட்டிருந்தால் வந்திருக்கும்" என்று மிச்சக் கதைக்கு எண்ணெய் கேட்டு சைக்கிளில் வீடு வீடாகத் திரிந்தார். அதற்குள் மிளகாய்ச் செடிகள் பிஞ்சோடு நின்ற நிலையிலேயே கருகிப் போயின. எனக்குப் பத்திக்கொண்டு வந்தது. அதில் பாதி தொடர் எடுத்தவர்கள் மேல், பாதி அப்பா மேல். அம்மா செடிகளைப் பிடுங்கிக் கட்டிக்கொண்டு வந்து, அடுத்த நாள் காலையில் தேத்தண்ணீர் வைக்க அடுப்பில் செருகினார்.

நெடி வீட்டை நிறைத்தது. அப்பா கண்ணைக் கசக்கிக்கொண்டு குசினி வாசலுக்கு வந்தார்.

"என்னப்பா எரிக்கிறாய்?"

"விராட பருவம்" என்றார் அம்மா. "மிச்சத்தையும் இருந்து பாருங்கோ."