மேலே நின்றவன்

மாரிகுப்பம் ஸ்டேஷனுக்கு எதிரே, தங்கச் சுரங்க ஆபீஸ் வாசலில் மூன்றாவது நாளாகத் தொழிலாளர் கூட்டம் நிற்கிறது. குடியிருப்புக்குத் தலைவராக இவர்கள் கை தூக்கித் தேர்ந்தெடுத்தது ஒருவரை. ஆபீஸ் அறிவித்தது வேறொருவரை. கத்திக் கத்தித் தொண்டை கட்டிவிட்டது. இப்போது வெறுமனே நிற்கிறார்கள். அரைத்த கல்லின் புழுதி எல்லார் தலையிலும் படிந்திருக்கிறது.

ரயில் இன்னும் வரவில்லை. என் டிரங்குப் பெட்டிமேல் உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருக்கிறேன். மிஷன் பள்ளியில் எழுதப் படிக்கக் கற்ற மரியம்மா என்ற பெண், வந்திருப்பவர்களின் பெயர்களை நோட்டில் எழுதிக்கொண்டே வருகிறாள்.

"நாளைக்கு யாருமே வரலன்னு ஆபீஸ்ல சொல்லிடுவாங்க. அதான் எழுதறேன்."

எட்டிப் பார்க்கிறேன். ஒன்பது முனுசாமிகள். பூமிக்கடியில் எந்த ஆழத்தில் வேலையோ, அதுதான் அடையாளம்: ஐந்தாம் லெவல் முனுசாமி, எட்டாம் லெவல் முனுசாமி.

"உங்க பேரு இன்னாங்க?"

"நான் வழிப்போக்கன்மா. சும்மா பாத்துக்கிட்டிருக்கேன்."

"பாத்தவங்க பேரும் வேணுங்க."

தூரத்தில் ரயில் ஊதுகிறது. தயங்கித் தயங்கிச் சொல்கிறேன்: "முனுசாமி."

"எந்த லெவலு?" பழக்கத்தில் கேட்டுவிடுகிறாள்.

"நான் கீழே இறங்கினதே இல்லம்மா."

அவள் சிரிக்கவில்லை. பென்சிலை நாக்கில் தொட்டு எழுதி, வாய்விட்டுப் படிக்கிறாள்:

"மேல நின்ன முனுசாமி."