பெட்டிக்குள் செத்துக் கிடந்த சோமா அக்கா

போன கிழமை அலமாரியைத் துப்புரவாக்கும்போது ஒரு கறுப்புத் துணிப்பை அகப்பட்டது. இரண்டு கை வைத்துத் தைத்த, கழுத்தில்லாத சட்டை மாதிரி இருக்கும். படச்சுருளை வெளிச்சம் படாமல் மாற்றுவதற்கான பை. நான் கமராமேன் ஆன புதிதில் அதை அம்மா இருந்த தேயிலைத் தோட்டத்துக்குக் கொண்டுபோனேன். அம்மா அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, "தலைய எங்கடா விடுவ?" என்று கேட்டார். நியாயமான கேள்விதான்.

முகர்ந்து பார்த்தேன். பூஞ்சண வாடைக்கு நடுவில் லேசாக முகப்பவுடர் வாசம். உடனே சோமா அக்காவின் ஞாபகம் வந்துவிட்டது.

சோமா அக்கா சிங்கள நடிகை. நடுவயதிலேயே டெலி நாடகங்களில் எல்லோருக்கும் அம்மாவாகிவிட்டவர். எண்பத்து மூன்று கலவரத்துக்குப் பிறகு வந்த கெட்ட வருடங்களில் ஒரு நாள், பல்லேபொலப் பக்கம் ஒரு வயல் வீட்டு முற்றத்தில் அவர் பிணமாகக் கிடக்கும் காட்சியைப் பிடித்தோம். முகமெல்லாம் வெள்ளைப் பவுடர். ஈ வந்து உட்கார்ந்தும் மனுசி அசையவில்லை. எனக்கே பயமாகிவிட்டது, பாருங்கள்.

பின்னேரம் வேனில் திரும்பும்போது செக் பொயின்டில் மறித்தார்கள். என் அடையாள அட்டையில் தமிழ்ப் பெயரைப் பார்த்ததும் ஆமிக்காரன் என்னை மட்டும் இறக்கினான். மீசைகூடச் சரியாக முளைக்காத பையன். என் கையிலிருந்த படச்சுருள் பெட்டியைக் காட்டி, "தொற" என்றான். திறந்தால் வெளிச்சம் பட்டு அன்றைய படம் முழுக்கப் போய்விடும். தோட்டத்துப் பிள்ளையானாலும் மாத்தளை டவுனில் படித்து, சிங்களம் பேசியே வளர்ந்தவன் நான். அன்றைக்குப் பார்த்து ஒரு சொல் ஒழுங்காக வரவில்லை. துப்பாக்கி என் நெஞ்சுக்கு நேரே வந்தது.

அப்போதுதான் வேனிலிருந்து சோமா அக்கா இறங்கினார், கழுவாத பிண முகத்தோடு. பையன் இரண்டடி பின்னால் போய்விட்டான்.

"மகனே, அந்தப் பெட்டிக்குள்ள நான் செத்துக் கெடக்கிறேன்" என்றார் சிங்களத்தில். "பகல் பூரா வெயில்ல கெடந்து செத்தேன். நீ தொறந்தா நாளைக்கும் சாகணும். என் வயசுக்கு அது பாவமில்லையா?"

பையன் அவரை உற்றுப் பார்த்தான். "டீவியில வர்ற அம்மாவா?"

"அவளேதான். இவன் என் தம்பி. கார்டக் குடு."

கொடுத்துவிட்டான். எங்கள் வேன் நகரும்போது, "எப்ப போடுவாங்க? எங்கம்மாவுக்குச் சொல்லணும்" என்று வேறு கேட்டான்.

இந்தத் தொழிலே வேண்டாம், ஏதாவது கடையில் போய் நிற்கலாம் என்று வேனுக்குள் முடிவே பண்ணிவிட்டேன். அக்கா பவுடர் ஒட்டிய கையால் என் கையையும் மடியிலிருந்த கறுப்புப் பையையும் சேர்த்துப் பிடித்துக்கொண்டார். "நாளைக்கு எனக்கு குளோசப் இருக்கு தம்பி. கைய ஆட்டிராத." பிறகு சன்னல்மேல் தலையைச் சாய்த்துக் குறட்டை விடத் தொடங்கிவிட்டார். மறுநாள் போனேன். அதற்குப் பிறகும் எத்தனையோ வருடம் போனேன். பிள்ளைகளைப் படிக்கவைத்ததும் இந்த வீட்டைக் கட்டியதும் அந்தக் கமராதான்.

நாடகம் வந்தபோது தோட்டத்தில் ஒரே ஒரு டீவி. லயத்து வரிசை வீட்டுச் சனமெல்லாம் அதைச் சுற்றி உட்கார்ந்து, சிங்களம் பாதி விளங்கியும் விளங்காமலும் அழுதார்கள். அந்த ஆமிக்காரப் பையனின் அம்மா பார்த்தாரா, அவன் வீடு திரும்பினானா, தெரியாது. திரும்பியிருக்க வேண்டும்.

இப்போது செக் பொயின்ட் இருந்த அந்த இடத்தில் பஸ் வேகத்தைக் குறைப்பதில்லை. நல்லதுதான். சோமா அக்கா நிஜமாகவே போய்ச் சில வருடமாகிறது. படச்சுருளைப் பூஞ்சணம் தின்றுவிட்டது; அந்த நாடகத்தில் ஒரு துண்டுகூட எங்கும் இல்லை, தேடிப் பார்த்துவிட்டேன். அன்றைக்கு அழுதவர்களில் சிலர் மட்டும் இன்னும் இருக்கிறார்கள்.