ஒற்றைக் கதிரைச் சலூன்

எழுபதுகளின் நடுவில், நாங்கள் புலம்பெயர்ந்து வந்த டண்டினொங் நகரில், எங்கள் வாடகை வீட்டுக்கு அடுத்த வீட்டில் ஓர் ஓவியர் இருந்தார். அந்த நாட்டுப் பூர்வகுடிப் பெண், நாற்பது வயதிருக்கும். கராஜில் வைத்துத்தான் வரைவார். மண்ணெண்ணெய் ஹீட்டரைச் சாயத் தகரங்களோடு ஒட்டி வைத்திருப்பார். நெருப்புப் பிடிக்கப்போகிறது என்று நான் வேலிக்கு இந்தப் பக்கம் நின்று சொல்லிக்கொண்டே இருப்பேன்.

"எரிஞ்சால், சொன்னது பலிச்சுதெண்டு நீங்கள்தான் முதல் ஆளாய்ச் சந்தோசப்படுவியள். உள்ளுக்கு வாங்கோ" என்பார். அவர் பேசிய ஆங்கிலத்தை என் தமிழில் எழுதுகிறேன்.

அந்தக் குளிர்காலம் முழுவதும் ஒரே படம்: ஒரு சிற்றூரில் அவருடைய தகப்பன் நடத்திய சலூன். நீச்சல் குளத்துக்குள்ளும் ஹோட்டலுக்குள்ளும் பூர்வகுடிகளை விடாத ஊர் அது. அங்கே பெரிய வீதியில் தகப்பன் சொந்தக் கடை வைத்திருந்தார். மகளுக்கு நினைவு தெரியுமுன்பே அதை இடித்துவிட்டார்கள். ஒரு புகைப்படமும் மிஞ்சவில்லை. தாய் சாகுமுன் சொன்னவற்றை வைத்தே மகள் வரைந்தார். அலமாரியில் பதினொரு போத்தல்கள், சுவரில் இரண்டு கண்ணாடிகள், மிதித்தால் உயரும் ஒரே ஒரு கதிரை. அந்தக் கதிரையில், மகள் பிறக்குமுன்பே ஒன்பது வயதில் காய்ச்சலில் செத்துப்போன தமையன். அவனுக்கும் புகைப்படம் இல்லை.

"அப்பா பாத்தால் போதும்" என்றார் ஒருநாள். "அவருக்குப் பிறகு இப்பிடியொரு கடை இருந்ததெண்டு ஆர் சொல்லப்போகினம்?"

தகப்பன் ஆஸ்பத்திரியில் காட்ட ரயிலில் வந்தார். தொப்பியைக் கையில் பிடித்தபடி படத்துக்கு முன்னால் நின்றார். நானும் நின்றேன்.

"போத்தல் எல்லாம் நிரம்பியிருக்கு" என்று சிரித்தார். "பாதி வெறும் போத்தல். சும்மா எடுப்புக்கு வைச்சது."

பிறகு கதிரையைப் பார்த்தார்.

"இவன் இதில இருக்கேல்லை."

"எப்ப?" என்றார் மகள்.

"ஒருநாளும். அது வெள்ளைக்காரருக்கு. எங்கட ஆள் ஒருத்தன் இருந்தானெண்டு தெரிஞ்சால் அடுத்த நாள் ஒருத்தரும் வராயினம். இவனுக்குப் பின்வளவில, கவிட்ட தகரத்தில இருத்தித்தான் வெட்டினனான். ஒருக்கா ஏறி இருக்கட்டோ எண்டு கேட்டவன். கையைப் பிடிச்சு வெளியில கொண்டுபோய் விட்டன்."

"அம்மா வேற மாதிரிச் சொன்னவ."

"உனக்கு அப்பிடித்தான் சொல்லியிருப்பா."

எங்கள் ஊர்ச் சலூனிலும் எங்கள் சாதிக்குக் கதிரை இல்லை. ஆனால் எங்களை வெளியில் நிறுத்தியவர் எங்களைப் பெற்றவர் அல்ல.

மகள் சாயம் சுரண்டும் கத்தியை எடுத்தார். தகப்பன் அவருடைய மணிக்கட்டைப் பிடித்தார்.

"விடு பிள்ளை. இதிலையாவது இருக்கட்டும்."

"இவன் இதில இருந்தால் இது எங்கட கடை இல்லையே, அப்பா."

தகப்பன் கையை விட்டுவிட்டு வெளியே போனார்.

மகள் முதலில் தமையனின் கால்களைச் சுரண்டினார், பிறகு தோள்களை. முகத்தருகே நெடுநேரம் கை நின்றது. அதையும் சுரண்டினார்.

தகப்பன் ஊருக்கு ரயிலேறும்வரை கராஜ் பக்கம் திரும்பி வரவில்லை. அவர் பார்ப்பதற்கென்றே வரைந்த படத்தை அவர் பார்த்தது அந்த ஒரு தடவைதான்.