நோன்பு திறந்த மார்ஷ்மெல்லோ

“...சீனி இல்லாட்டி என்னட்டி? பஞ்சு மாதிரி வந்திருக்குல்லா!” என்று என் மகளைத் தேற்றினார், ராஜபாளையத்தில் எங்கள் மாடிவீட்டு அக்கா. வெள்ளைத் துப்பட்டா, மருதாணி விரல். எதையும் அழுத்திப் பார்த்துத்தான் பேசுவார்.

சர்க்கரை நோய் வந்தபின் ஸ்ரீவில்லிபுத்தூர் பால்கோவாவைக்கூட மறந்துவிட்ட மகளை, நுரைத்த முட்டை வெள்ளைக்கருவில் காய்ச்சிய கடல்பாசியும் சர்க்கரையில்லா இனிப்புத்தூளும் சேர்த்து மார்ஷ்மெல்லோ செய்யவைத்தவர் அவர்தான். நோன்பு என்பதால் அவர் இன்னும் ருசி பார்த்திருக்கவில்லை.

“மருந்து மிட்டாய்ம்பாவ. யாரு திம்பா?” மகள் தட்டை மூடினாள்.

“பசிச்ச வாய்ட்ட கேளு, அது பொய் சொல்லாது.”

அந்தச் சொல்லை இன்றும் நன்றியோடு நினைக்கிறேன்.

பாங்கு ஒலித்தது. அக்கா பேரீச்சம்பழத்தைத் தாண்டிக் கை நீட்டி, மகள் செய்த துண்டை எடுத்து நோன்பு திறந்தார்.