சமாதானத் தலைவியின் சமையல்

நான் ஐந்தாம் வகுப்புப் படித்த வருடம், எங்கள் ஆசிரியை வட அமெரிக்கப் பழங்குடி மக்களை வகுப்புப் பிள்ளைகளுக்குப் பங்கிட்டுக் கொடுத்தார். ஆளுக்கு ஓர் இனம். அவர்களைப் பற்றிப் படித்து, எழுதி, படமும் கீறிக்கொண்டு போகவேண்டும். பங்கீடு நடந்த அன்று நான் காய்ச்சலோடு வீட்டில் கிடந்தேன். திரும்பிப் போனபோது தோல் கூடாரக்காரர்கள், எருமை வேட்டைக்காரர்கள், முகமூடி செதுக்குகிறவர்கள் எல்லோரையும் மற்றவர்கள் எடுத்துக்கொண்டுவிட்டார்கள். கல்யாண வீட்டுக் கடைசிப் பந்திக்குப் போனவளைப்போல நான் நிற்க, ஒருவரும் தொடாத ஷோனி மக்கள் எனக்குக் கிடைத்தார்கள். அப்படி ஒரு சனம் இருப்பதே அன்றுதான் எனக்குத் தெரியும்.

அப்போது நாங்கள் ஒன்ராறியோவில், மோர்னிங்சைட்டில் ஓர் அடுக்குமாடிக் கட்டடத்தில் இருந்தோம். அப்பா அஜக்ஸில் ஒரு பிளாஸ்ரிக் தொழிற்சாலையில் வேலை செய்தார். அம்மா பக்கத்து வீட்டுக் குழந்தைகளைப் பார்த்துக்கொண்டார். அம்மாவின் அக்கா, என்னுடைய பெரியம்மா, எங்களோடு இருந்தார். பெரியப்பா செத்து வெகுகாலம். பெரியம்மாவுக்கு ஒரே மகன். அவரைப் பிறகு கூப்பிடலாம் என்று நம்பித்தான் பெரியம்மா முதலில் தனியாக வந்திருந்தார். அந்த அண்ணா சோதனை எழுதுவதற்காக யாழ்ப்பாணத்தில் சொந்தக்காரர் வீட்டில் நின்றார். சோதனை வருவதற்கு முன்னர், ஊரே பெட்டி படுக்கையோடு வெளிக்கிட்டு வன்னிக்குப் போகவேண்டிய நிலை வந்தது. அந்த நடையில் எங்கேயோ வைத்து அண்ணா இயக்கத்துக்குப் போய்விட்டார் என்று தொலைபேசியில் செய்தி வந்தது.

அதன் பிறகு எங்கள் வீட்டில் சத்தம் குறைந்துபோனது. பெரியம்மா ஜன்னலோரம் இருந்து 401 நெடுஞ்சாலையைப் பார்த்துக்கொண்டிருப்பார். சாப்பிடச் சொன்னால் சாப்பிடுவார், கேட்டால் பதில் சொல்வார், மற்றபடி ஒன்றுமில்லை. அம்மாவுக்கும் அப்பாவுக்கும் நேரமில்லாததால், நூலகத்திலிருந்து எடுத்த புத்தகத்தை நான் பெரியம்மாவுக்குத்தான் வாசித்துக் காட்டினேன். ஒரு வசனத்தை ஆங்கிலத்தில் வாசிப்பேன். பிறகு எனக்குத் தெரிந்த தமிழில் சொல்வேன். பெரியம்மா "ம்" கொட்டுவார். அவர் கேட்கிறாரா, ஜன்னலுக்கு "ம்" கொட்டுகிறாரா என்று எனக்குச் சந்தேகம் இருந்துகொண்டே இருந்தது.

ஷோனிகள் ஒகாயோ ஆற்றுப் பக்கம் சோளம் விதைத்து வாழ்ந்தார்கள். இளவேனிலில் ஆண்கள் ஒரு பக்கம், பெண்கள் ஒரு பக்கமாகப் பந்து விளையாடுவார்கள். ஆண்கள் காலால் மட்டும் உதைக்கலாம், பெண்கள் கையிலும் எடுத்துக்கொண்டு ஓடலாம். இந்த விதியை நான் எங்கள் பள்ளிக்கூட மைதானத்திலும் கொண்டுவரப் பார்த்து அவமானப்பட்டேன். வெள்ளைக்காரர்கள் வந்து அவர்களை ஒவ்வோர் ஆறாகத் தள்ளிக்கொண்டே போனார்கள். நிலத்தைக் காப்பாற்றச் சண்டை பிடித்த அவர்களுடைய பெரிய தலைவர் ஒருவர் எங்கள் ஒன்ராறியோ மண்ணில்தான் விழுந்தார். அவருடைய உடம்பை எங்கே புதைத்தார்கள் என்று இன்றைக்கும் ஒருவருக்கும் தெரியாது. இதை வாசித்தபோது பெரியம்மா ஜன்னலிலிருந்து திரும்பினார்.

"அதை விடு பிள்ளை. அடுத்த பக்கத்தைப் பிரட்டு" என்றார்.

அடுத்த பக்கத்தில்தான் சமாதானத் தலைவி இருந்தாள். ஷோனிகளுக்குச் சண்டைக்கு ஒரு தலைவர் இருப்பதைப்போல, சமாதானத்துக்குப் பெண் தலைவிகளும் இருந்தார்கள். அவர்கள் தலைவர்களுக்கு நெருங்கிய உறவுக்காரிகள். தலைவர் தேவையில்லாமல் சண்டைக்குக் கிளம்பினால், சபையில் இருப்பவர்கள் கடைசி வழியாக அந்தப் பெண்ணைத்தான் அனுப்புவார்கள். அவள் போய், ஒரு பிள்ளையைப் பெறத் தாய் படும் நோவையும் வளர்க்கப் படும் பாட்டையும் அவருக்கு எடுத்துச் சொல்வாள். அநேகமாக அவர் மனம் இளகிவிடும். பிடித்துக்கொண்டு வந்த கைதியை, சண்டைப் பக்கத்துப் பெண்களுக்கு முன்னர் அவள் தொட்டுவிட்டால் அவனுக்கு உயிர் தப்பும். விருந்து நாட்களில் சண்டைப் பக்கத்துப் பெண்கள் இறைச்சி சமைப்பார்கள், இவள் மரக்கறி சமைப்பாள்.

"அப்ப அவ சைவக்காரி" என்றார் பெரியம்மா.

அந்தப் பக்கத்தை அவர் என்னைத் திரும்பத் திரும்ப வாசிக்கச் சொன்னார். தொட்டால் மட்டும் போதுமா, என்ன ஒழுங்கில் சொல்வாள், சாப்பாட்டுக்கு முன்னரா பின்னரா என்று கேள்விமேல் கேள்வி. சாப்பாட்டைப் பற்றிப் புத்தகம் ஒன்றும் சொல்லவில்லை. முதலில் சோறு போட்டுவிட்டுத்தான் எதையும் கேட்கவேண்டும் என்று பெரியம்மா தானே தீர்மானித்தார். ஷோனிகள் அப்படிச் செய்யாமல் இருந்திருக்கமாட்டார்கள் என்பது அவருடைய துணிவு. இத்தனை மாதத்துக்குப் பிறகு ஒரு பெரிய ஆள் என்னோடு உட்கார்ந்து கதைத்ததில் எனக்கும் தலைகால் புரியவில்லை. நான் கீறிய சமாதானத் தலைவிக்குப் பெரியம்மாவின் மூக்கையே வைத்தேன்.

எங்கள் பகுதிக்கு இயக்கத்தின் பொறுப்பாளர் ஒருவர் இருந்தார். கிழமை நாட்களில் வேறெங்கோ வேலை. சனி ஞாயிறுகளில் சட்டையை மடிப்புக் கலையாமல் போட்டுக்கொண்டு தமிழர் வீடுகளுக்குப் போய்வருவார். என் அப்பாவைவிட வயது குறைந்தவர்தான். ஆனாலும் அப்பா அவரை அண்ணை என்றே கூப்பிடுவார். அவர் வருகிறார் என்றால் அப்பா வீட்டுக்குள்ளேயே சேட்டு மாற்றிக்கொள்வார். அந்த மனிதரைச் சாப்பிடக் கூப்பிடவேண்டும் என்று பெரியம்மா சொன்னபோது அப்பா திடுக்கிட்டுப்போனார்.

"அக்கா, அந்தக் கதையை அவரிட்டை எடுக்காதேங்கோ. நாங்கள் இந்தச் சனத்துக்குள்ளதான் சீவிக்கவேணும்" என்றார்.

"நான் சண்டை பிடிக்கவோ போறன்? சோறு போடப் போறன்" என்றார் பெரியம்மா.

அப்பா இழுத்தடிப்பார் என்றுதான் நாங்கள் நினைத்தோம். ஆனால் அந்த வியாழக்கிழமை வேலையால் வந்தவர், ஒரு தொலைபேசி அழைப்பை எடுத்துப் பேசிவிட்டு, "சனிக்கிழமை மத்தியானம் வாறாராம்" என்று தானாகவே சொன்னார். அழைக்கும் முன்னரே வரச் சம்மதித்த விருந்தாளியை நினைத்துப் பெரியம்மா மலர்ந்துபோனார். அதைவிட ஆச்சரியம் அம்மா. வீட்டுக்கு ஒரு பெரிய மனிதர் வந்தால் ஆட்டிறைச்சி காய்ச்சாமல் விடுவது அம்மாவின் சாதகத்திலேயே இல்லை. முழுக்க மரக்கறிதான் என்று பெரியம்மா சொன்னதும் சண்டை வரப்போகிறது என்று நான் காத்திருந்தேன். அம்மா ஒரு வார்த்தை மறுக்கவில்லை. "ஓம் அக்கா, சைவமே இருக்கட்டும்" என்று சொல்லிவிட்டுக் குளியலறைக்குள் போய்க் கதவைப் பூட்டிக்கொண்டார்.

சனிக்கிழமை மழையும் பனியும் கலந்து கொட்டியது. பொறுப்பாளர் நனைந்த சப்பாத்தை வாசலில் கழற்றிவைத்துவிட்டு வந்து மேசையில் இருந்தார். அப்பா அவருக்கு எதிரே இருந்தார். கத்தரிக்காய்ப் பால்கறி, பருப்பு, பூசணிக்காய், கீரை, வாழைக்காய்ப் பொரியல், பாயசம். அத்தனையும் பெரியம்மா விடியத் தொடங்கிச் சமைத்தது. தலைவி தலைவருக்கு உறவுக்காரியாக இருக்கவேண்டும் என்ற சட்டத்தையும் அவர் மறக்கவில்லை. ஊரே அண்ணை என்று கூப்பிடும் மனிதரை, "தம்பி, இன்னும் கொஞ்சம் போடட்டோ?" என்று கேட்டு ஒரே சொல்லில் சகோதரனாக்கிக்கொண்டார். நான் கதவு நிலையில் நின்று, எல்லாம் ஒழுங்காக நடக்கிறதா என்று மேற்பார்வை செய்தேன். என் புத்தகத்தை வைத்துத்தான் இதெல்லாம் நடக்கிறது என்ற பெருமை எனக்கு.

பொறுப்பாளர் சோற்றைப் பிசைந்தார். பிசைந்துகொண்டே இருந்தார். பெரியம்மா பக்கத்துக் கதிரையில் இருந்து சொல்லத் தொடங்கினார்.

"ரெண்டு நாள் நோவு தம்பி. கடைசியில ஆயுதம் போட்டுத்தான் எடுத்தவை. நெத்தியில இப்பவும் அந்த அடையாளம் இருக்கு. மூண்டு வயசில அம்மாள் வருத்தம் வந்து, வேப்பிலையோட நான் பக்கத்தில கண் மூடாமல் இருந்தனான். தேப்பன் இல்லாத பிள்ளை எண்டு ஒருத்தரும் சொல்லாத மாதிரி வளத்தனான். இடி இடிச்சா இப்பவும் என்ர சீலைத் தலைப்புக்குள்ள வருவான். அவன் உங்களுக்கு என்னத்தைச் சண்டை பிடிக்கப் போறான்?"

பேசிக்கொண்டே அவருடைய இடது கையைப் பிடித்துக்கொண்டார். எங்கள் வீட்டுப் பெண்கள் வெளி ஆண்களின் கையைப் பிடிப்பதில்லை. வலது கை சோற்றில் இருந்ததால் அவரால் எழுந்திருக்கவும் முடியவில்லை.

"எனக்கு ஒண்டும் வேண்டாம் தம்பி. அவனை விட்டிடச் சொல்லுங்கோ. நீங்கள் சொன்னாக் கேப்பினம்."

அப்பா தன் கோப்பையையே பார்த்துக்கொண்டிருந்தார். அம்மா குசினியை விட்டு வெளியே வரவே இல்லை. அங்கே தண்ணீர்க் குழாய் திறந்தபடி ஓடிக்கொண்டிருந்தது. பொறுப்பாளர் அப்பாவைப் பார்த்தார். பிறகு "நான் பிறகு வந்து கதைக்கிறன் அம்மா" என்று மட்டும் சொல்லிவிட்டு, கையைக் கழுவிக்கொண்டு வெளிக்கிட்டார். பாயசத்தை அவர் தொடவில்லை.

அவர் தொப்பியை விட்டுவிட்டுப் போனதால் அதை எடுத்துக்கொண்டு நான் லிப்டடிக்கு ஓடினேன். அவர் லிப்டின் பக்கம் பாராமல் சுவரைப் பார்த்தபடி நின்றார். தோள்கள் இரண்டும் குலுங்கின. லிப்ட் வந்து, கதவு திறந்து, மூடி, கீழே போய்விட்டது. அவர் அசையவில்லை. தொப்பியை அவருடைய கையில் கொடுத்தபோது முகம் முழுக்க நனைந்திருந்தது. மனம் இளகிவிட்டது, புத்தகத்தில் எழுதியபடியே நடந்துவிட்டது என்று எனக்குக் கைகால் எல்லாம் பறந்தது.

அண்ணா அதற்கு முந்திய கிழமையே செத்துப்போயிருந்தார். வியாழக்கிழமை வந்த அழைப்பு அதைத்தான் சொன்னது. நேரில் வந்து தாயிடம் தானே சொல்வதாகப் பொறுப்பாளர் அப்பாவுக்கு வாக்குக் கொடுத்திருந்தார். சொன்ன பிறகு அக்கா எத்தனை நாள் பட்டினி கிடப்பாவோ, முதலில் ஒரு வாய் சோறு உள்ளே போகட்டும் என்று அம்மாவும் அப்பாவும் பேசிவைத்திருந்தார்கள். செத்த வீட்டில் மச்சம் சமைப்பதில்லை என்பதால்தான் அம்மா சைவத்துக்கு ஓம் என்றார். பொறுப்பாளர் சொல்ல முடியாமல் போனதை அடுத்த நாள் அப்பாவே சொல்லவேண்டி வந்தது. அந்தச் சத்தத்தை நான் எழுத விரும்பவில்லை.

ஆனால் அந்தச் சனிக்கிழமை எனக்கு இது ஒன்றும் தெரியாது. நான் ஓடிப்போய்க் கதவைத் தள்ளிக்கொண்டு, "பெரியம்மா, அவர் அழுதவர்! லிப்டடியில நிண்டு அழுதவர்! அண்ணாவை விடப் போயினம்!" என்று கத்தினேன்.

பெரியம்மா இரண்டு கையையும் தலைக்குமேல் தூக்கிக் கும்பிட்டார். நல்லூர்க் கந்தனைக் கூப்பிட்டார். சிரித்தார். அவர் சிரிக்கும்போது அம்மாவைப்போலவே இருப்பார் என்பதை நான் மறந்தே போயிருந்தேன்.

அம்மா குசினியிலிருந்து ஈரக் கையோடு வந்து என் கன்னத்தில் ஓங்கி அறைந்தார். அதற்கு முன்னர் அம்மா என்னை அடித்ததே இல்லை.

"ஏனடி பிள்ளைக்கு அடிக்கிறாய்? எவ்வளவு நல்ல சேதி கொண்டந்திருக்கு" என்று பெரியம்மா என்னை இழுத்துத் தன் மடியில் வைத்துக்கொண்டு, பாயசக் கிண்ணத்தை எடுத்து ஒவ்வொரு வாயாக எனக்குத் தீத்தத் தொடங்கினார். அம்மா எங்களைப் பார்த்தபடி நின்றார். எனக்கு அம்மாமேல் ஆத்திரம் ஆத்திரமாக வந்தது. எங்கள் வீடு சின்னது, அண்ணா வந்தால் படுக்க இடமில்லை, அவர் வருவது அம்மாவுக்குப் பிடிக்கவில்லை என்றுதான் நான் நினைத்தேன்.