தம்பி காத்து வைத்த பிலிம் டப்பாக்கள்

எனக்கு வயது எழுபத்தெட்டு. நான் வளர்த்தது ஐந்து பேர். நான்கு பேரை நான் பெற்றேன். அவர்களுக்கு முன்பே என் இடுப்பில் இருந்தவர் என் தம்பி. அவர் போய் ஓராண்டு முடிகிறது. தெரிந்த எழுத்தைக் கூட்டி நானே எழுதுகிறேன்.

தம்பி பிறந்தது எங்கள் மலையில், தேவனூர் நாட்டில். சில ஊர்கள் சேர்ந்தால் எங்களுக்கு ஒரு நாடு. அவர் நடை பழகும் முன்பே அம்மா காய்ச்சலில் போய்விட்டார். அம்மாவுக்கு ஒரு போட்டோகூடக் கிடையாது. ஆனால் மலைக்கு ரோடு வெட்டியபோது கீழிருந்து வந்தவர்கள் சினிமாப் படம் பிடித்தார்கள். தம்பியை முதுகில் கட்டிக்கொண்டு அம்மா ஜல்லி உடைக்கிற காட்சியும் அதில் பதிந்தது.

தம்பி வளர்ந்து, ஊர் ஊராகப் படம் காட்டும் வேனில் வேலை பார்த்தார். அந்தக் கம்பெனியை மூடியபோது, குப்பைக்குப் போக இருந்த சுருள்களில் எங்கள் ரோட்டுப் படத்தைக் கண்டு, நான்கு டப்பாக்களைக் கேட்டு வாங்கி, பஸ்ஸில் மடியில் வைத்தே மலைமேல் செம்மேட்டு வீட்டுக்குக் கொண்டுவந்தார். மெஷினை இரவல் வாங்கி, சுவரில் வேட்டி கட்டி ஓட்டினார்.

"அக்கா, இதுல அம்மா யாருங்க?" என்று கேட்டார். காட்டினேன். அந்த இடத்தையே மறுபடி ஓட்டினார்.

தம்பிக்குக் குடி இல்லை, கோபம் உண்டு. டப்பாக்களை அடுப்புச் சூடு படாமல், மழை ஈரம் படாமல் வடக்கு அறையில் வைத்து, அவ்வப்போது திறந்து சுருளைக் கையால் பிரித்துச் சுற்றி வைப்பார்.

"பெத்த புள்ளைய ஒருநாளாச்சும் இப்படிப் பாத்தீங்களா?" என்பார் அவர் மனைவி.

"புள்ளைக்கு வாயிருக்குது, கேட்டு வாங்கிக்கும். இதுக்கு ஏது?"

கடைசியில் மூச்சிரைப்பு வந்து படுத்தார். டப்பாக்களைத் திறக்க ஆளில்லை. காரியம் முடிந்து வீட்டைக் கழுவியபோது அவற்றில் புளித்த வாடை அடித்தது. நான் காட்டிலிருந்து வந்து பார்க்கிறேன், பாறையில் காயும் மிளகுக்கு நடுவே ஒரு சுருள் நெளிந்து கிடக்கிறது.

"என்னடா சாமி பண்ணீட்டே?"

"பூசண வாடை அடிச்சுதுங்க அத்தை. ஒரு வெயில் காட்டுனா போயிரும்னு..." என்றான் தம்பி மகன்.

மிளகு நனைந்தால் இந்த மலையில் எல்லோரும் செய்வதைத்தான் அவனும் செய்தான். மற்ற மூன்றையும் தொடவிடவில்லை.

மலை ரோட்டைப் பற்றி ஆவணப்படம் எடுக்கச் சென்னையிலிருந்து ஒரு பெண் வந்தார். டப்பாவை முகர்ந்ததுமே அவர் முகம் மாறியது. "இது பூசணம் இல்லம்மா. பிலிமே உள்ளுக்குள்ள அழியுற வாடை. வெயில் பட்டது சுருங்கிடுச்சு, இழுத்தா ஒடிஞ்சிடும்."

காப்பி எடுக்க நான்கையும் கொண்டுபோனார். மூன்றை எனக்குப் போனில் காட்டிவிட்டார். பாறைக்கு வெடி வைக்கிறார்கள், முதல் பஸ் ஏறுகிறது, எத்தனையோ முகங்கள். அம்மா இல்லை. மீதி அந்த வெயிலில் கிடந்த சுருள்தான். அதை இன்று பிரித்துப் பார்த்துவிட்டுப் போன் செய்வதாகச் சொல்லியிருக்கிறார். உள்ளே என்ன மிஞ்சியிருந்தாலும், அம்மா முகம் தெரிந்த ஆள் இனி நான் ஒருத்திதான். என் கண்ணும் மங்கி வருகிறது.

தம்பியைத் தூளி கட்டி ஜீப் வரை சுமந்த ஊராருக்கும், காரியம் முடியும் வரை எங்கள் அடுப்பைப் பார்த்துக்கொண்ட பங்காளி வீட்டுப் பெண்களுக்கும், படம் காட்டும் வேனில் அவரோடு வேலை பார்த்த சிநேகிதர்களுக்கும் கைகூப்புகிறேன். தம்பி மகனை யாரும் ஏச வேண்டாம். அவனுக்குச் சோறு இறங்கவில்லை.

இதை அச்சடிக்கும் நினைவு மலரில் தம்பி படத்துக்குப் பக்கத்தில் அம்மாவுக்காக ஒரு கட்டத்தை வெறுமையாக விடச் சொல்லியிருக்கிறேன். அச்சுக்காரர் நாளை வரை பொறுப்பார்.

பேத்தி பக்கத்தில்தான் இருக்கிறாள். கண்ணு, இத ஒருக்கா படிச்சுக் காட்டு. நடுவுல போன் அடிச்சா, படிக்கறத உட்டுப்போட்டு மொதல்ல அத எடு, சாமி.